முரசு தெரியும், இயந்திரம் தெரியுமா?

பரமக்குடித் தோழர்களிடம் 'சந்திரலேகா' என்று சொன்னால் போதும், முரசு நடனம் என்பார்கள். முரசுகளின் மீது மங்கையர் ஆட, ஆட்டம் முடிந்ததும் முரசுகளுக்குள்ளிருந்து வீரர்கள் பாய்ந்து வருவார்களே, அந்தக் காட்சி! வாசன் தந்த அந்தப் படம் வந்தது 1948-ல்.

அதே ஆண்டில், அதே ஜெமினி ஸ்டூடியோவில் எடுத்த இன்னொரு படமும் வந்தது. 'கல்பனா' அதன் பெயர். எடுத்தவரும் நடித்தவரும் நாட்டிய மேதை உதயசங்கர். ஒளிப்பதிவு கே. ராம்நாத். நம் பத்மினி முதன்முதலில் திரையில் ஆடியதும் அதிலேதான். மொழி இந்தி. முகம் சுளிக்க வேண்டாம் தோழர்களே, ஆடுகிற காலுக்கு மொழி ஏது?

படம் பணம் பண்ணவில்லை. ஆனால் படமெடுக்கத் தெரிந்தவர்கள் அதை மறக்கவில்லை. தாம் இயக்குநராவதற்கு முன்பே சத்யஜித் ராய் அதைத் திரும்பத் திரும்பப் பார்த்தார். அமெரிக்க இயக்குநர் மார்ட்டின் ஸ்கார்செஸி நிறுவிய அறக்கட்டளை அதைச் சீர்செய்து, 2012-ல் கேன்ஸ் விழாவில் திரையிட்டது.

அப்படி என்ன இருக்கிறது அதில்? நிழல் ஆடுகிறது, ஒளி ஆடுகிறது, கனவு போலக் காட்சி மேல் காட்சி படிகிறது. கதை ஆங்காங்கே தடுமாறுகிறது என்பதையும் நாம் மறைக்கப் போவதில்லை. பாமரன் பின்தொடரும்படி கதை சொல்வதில் வாசன் கெட்டிக்காரர்.

ஆனால் ஒரு காட்சி! தொழிலாளியும் இயந்திரமும் என்று உதயசங்கர் மேடையில் ஆடிக்காட்டியதைத் திரைக்கும் கொண்டு வந்தார். மனிதர்கள் வரிசையாக நிற்கிறார்கள். கை அசைகிறது, இடுப்பு வளைகிறது, தலை திரும்புகிறது. பார்த்துக்கொண்டிருக்கும்போதே மனிதன் மறைந்து சக்கரமும் பல்லும் ஆகிவிடுகிறான்!

வைகைக்கு அக்கரையில், எமனேசுவரத்தில், தறிக்குழியில் கால் வைத்து நாடா வீசுகிறானே நம் நெசவாளி, அவனுக்கு இதை யாரும் விளக்க வேண்டியதில்லை. கைத்தறியில் அவன் மிதித்தால் தறி ஓடும், அவன் நிறுத்தினால் தறி நிற்கும். விசைத்தறியில் தறியின் வேகத்துக்கு மனிதன் ஓட வேண்டும். 1985-ல் சில ரகங்களைக் கைத்தறிக்கென ஒதுக்கிச் சட்டமே செய்தார்கள். அந்த ரகங்களிலும் விசைத்தறி புகுந்தது.

முரசு நடனத்தைப் பார்த்துக் கைதட்டினோம், தவறில்லை. படிப்பகத் தோழர்கள் 'கல்பனா'வையும் ஒருமுறை திரையிடட்டும். இயந்திரக் காட்சி முடிந்ததும் விளக்கைப் போட்டு, எமனேசுவரத்து நெசவாளி ஒருவரைப் பேசச் சொல்லட்டும். தலைமையுரைக்கு நம்மைக் கூப்பிட வேண்டாம், கேட்க வருகிறோம்.