உங்களுக்குத் தெரியுமா? தூத்துக்குடியில் கரையேறிய உலகம்

உலகமயமாக்கல் என்றால் 1991, மன்மோகன் சிங் பட்ஜெட், கோக், பெப்சி என்றுதான் பாடப்புத்தகம் ஆரம்பிக்கும். தூத்துக்குடியைச் சுற்றிய முத்துக்குளித்துறையில் கணக்கு வேறு. பொருளை இங்கே எடுப்பார்கள், விலையை வேறெங்கோ வைப்பார்கள். இரண்டாயிரம் ஆண்டாக இதுதான் இந்தக் கரையின் நடைமுறை. அதில் கொஞ்சம் துணுக்குகள்.

◆ 13ஆம் நூற்றாண்டின் கடைசியில் இந்தக் கரையைப் பற்றி எழுதிய வெனிஸ் வணிகர் மார்க்கோ போலோ, காயல் துறைமுகத்தில் ஹோர்முஸ், ஏடன் பக்கத்திலிருந்து குதிரைகள் வந்து இறங்குவதைச் சொல்கிறார். பாண்டிய அரசர்கள் ஆண்டுதோறும் ஆயிரக்கணக்கில் வாங்கினார்கள். ஆண்டு முடிவதற்குள் பெரும்பாலானவை செத்துப்போயின. குதிரைக்குச் சோறும் இறைச்சியும் வேகவைத்துப் போட்டால் வேறென்ன ஆகும்? குதிரை வைத்தியம் தெரிந்தவர்களும் லாடம் அடிப்பவர்களும் இங்கே வந்துவிடாதபடி குதிரை விற்ற வணிகர்களே பார்த்துக்கொண்டார்களாம். செத்தால்தானே அடுத்த ஆண்டும் வியாபாரம்! பேட்டரியைக் கழற்ற முடியாதபடி ஒட்டி விற்கும் செல்போன் கம்பெனிகளுக்கு இவர்கள் மூத்தவர்கள்.

◆ கொற்கை முத்தை முதலில் எடுத்தது யார்? கி.பி. முதல் நூற்றாண்டில் கிரேக்க மொழியில் எழுதப்பட்ட கடல்வழிக் கையேடான 'பெரிப்ளுஸ்', பாண்டிய நாட்டுக் கொற்கையில் தண்டனை பெற்ற கைதிகளைக் கொண்டு முத்துக் குளித்ததாகச் சொல்கிறது. அதே நூற்றாண்டில் ரோமில் அறிஞர் பிளினி உட்கார்ந்து புலம்பிக்கொண்டிருந்தார்: இந்தியா, சீனா, அரேபியா மூன்றும் சேர்ந்து ஆண்டுக்கு 10 கோடி செஸ்டர்ஸ் காசை உறிஞ்சுகின்றன, நம் ஆடம்பரமும் நம் பெண்களும் வைக்கும் செலவு இது என்று. அந்நியச் செலாவணிக் கவலையும், பழியைப் பெண்கள் மேல் போடும் பழக்கமும் ஒரே பக்கத்தில் இருக்கின்றன. குளித்த கைதியின் பங்கு என்ன என்று இருவரும் எழுதவில்லை.

◆ அந்தக் கொற்கைக்கு இன்று போனால் கடல் தெரியாது. தாமிரபரணி கொண்டுவந்து கொட்டிய வண்டலால் கரை கிழக்கே நகர்ந்துவிட்டது. துறைமுகம் கொற்கையிலிருந்து பழையகாயலுக்கும், பிறகு புன்னைக்காயலுக்கும், கடைசியில் தூத்துக்குடிக்கும் இடம் மாறியது. வயலும் வாழையுமாக நிற்கும் கொற்கையைத் தோண்டிப் பார்த்தவர்களில் ஒருவர் இடையன்குடியில் வாழ்ந்த பேராயர் கால்டுவெல்.

◆ சுறா மந்திரவாதிக்கு அரசாங்கச் சம்பளம்! முத்துக் குளிக்க இறங்கும் முன் சுறாவின் வாயைக் கட்ட ஆள் வைப்பது பழைய வழக்கம். மார்க்கோ போலோ காலத்தில் எடுப்பதில் இருபதில் ஒரு பங்கு அவர்களுக்கு, பத்தில் ஒரு பங்கு அரசனுக்கு. பின்னாளில் இவர்களுக்குக் 'கடல்கட்டி' என்று பெயர். கிழக்கிந்தியக் கம்பெனியும் அதற்குப்பின் வந்த ஆங்கில அரசும் இந்த நம்பிக்கையைப் பார்த்துச் சிரித்தன, ஆனால் ஊதியத்தை நிறுத்தவில்லை. கடல்கட்டி இல்லாமல் குளியாளிகள் தண்ணீரில் இறங்க மாட்டார்கள், இறங்காவிட்டால் ஏலம் இல்லை, ஏலம் இல்லாவிட்டால் வருமானம் இல்லை. பகுத்தறிவு எங்கே நிற்க வேண்டும் என்று கஜானாவுக்குத் தெரியும்.

◆ அந்த ஏலமே ஒரு சூதாட்டம். சிப்பியைத் திறக்காமல், ஆயிரம் ஆயிரமாகக் கணக்கிட்டு விற்பார்கள். உள்ளே முத்து இருக்கலாம், வெறும் சதையும் இருக்கலாம். குளியாளிக்கும் காசாகக் கூலி கிடையாது. எடுத்த சிப்பியில் ஒரு பங்குதான், ஆங்கிலேயர் காலத்தில் அது மூன்றில் ஒன்று. அதாவது மூச்சடக்கியவரும் சூதாட வேண்டும்.

◆ 1530களில் இந்தக் கரையின் பரதவர்கள் ஏறக்குறைய ஒட்டுமொத்தமாகக் கத்தோலிக்கர் ஆனார்கள். காரணத்தைத் தேடினால் வேதத்துக்கு முன்னால் முத்துச்சிப்பி விளையும் பார் வருகிறது. முத்துக்குளிப்பு யார் கையில் என்பதில் அரபு வழி வந்த வணிகர்களோடு மோதல் முற்றியிருந்தது. குதிரை வியாபாரத்துக்காக வந்த ஜான் த குரூஸ் என்பவர் (இவரும் மலையாளக் கரையில் பிறந்து மதம் மாறியவர்தான்) வழி சொன்னார்: கொச்சிக்குப் போய்ப் போர்ச்சுக்கீசியரிடம் அடைக்கலம் கேளுங்கள். பரதவர் தலைவர்களான பட்டங்கட்டிகள் போனார்கள். கப்பற்படை வந்தது, கூடவே பாதிரிமாரும் வந்தார்கள். பிரான்சிஸ் சவேரியார் வந்து சேர்ந்தது 1542இல், அதாவது ஞானஸ்நானம் முடிந்து சில ஆண்டுகள் கழித்து. ஞானஸ்நானம் பெற்றவர்களுக்கு ஜெபமே தெரியவில்லை என்று கண்டு தலையில் கைவைத்தவர் அவர்.

பாதுகாப்புக்காகச் செய்த ஒப்பந்தம் என்று இதைச் சுருக்கிவிட்டால் அடுத்து நடந்ததற்கு விளக்கம் கிடைக்காது. 1658இல் டச்சுக்காரர்கள் தூத்துக்குடியைப் பிடித்தார்கள். போர்ச்சுக்கீசியப் பாதுகாப்பு அன்றோடு போயிற்று. புதிய எஜமானர்கள் தங்கள் புராட்டஸ்டண்ட் சபைக்கு வரச் சொல்லி வற்புறுத்தினார்கள். பரதவர்கள் அசையவில்லை. 120 ஆண்டுகளில் இரவல் வாங்கிய மதம் சொந்த மதமாகிவிட்டிருந்தது.

◆ இந்தியாவில் இந்திய மொழி ஒன்றின் எழுத்தில் முதலில் அச்சான புத்தகம் தமிழ்ப் புத்தகம்: 1578இல் கொல்லத்தில் வெளிவந்த 16 பக்கத் 'தம்பிரான் வணக்கம்'. மொழிபெயர்த்தவர் புன்னைக்காயலில் தங்கித் தமிழ் படித்த அண்டிரிக் அடிகளார் என்கிற என்றிக்கே என்றீக்கஸ். அச்சு வேலைக்குப் பணம் தந்தவர்களில் இந்தக் கரையின் பரதவர்களும் உண்டு. கூட்டன்பர்க்கின் தொழில்நுட்பம், போர்ச்சுக்கல் பாதிரியார், முத்துக் காசு, தமிழ் எழுத்து. எட்டாண்டு கழித்து 'அடியார் வரலாறு' அச்சானது. சென்னைப் பட்டணம் என்ற ஒன்று அப்போது கிடையாது.

◆ தூத்துக்குடிப் பனிமய மாதா சொரூபம் 1555இல் மணிலாவிலிருந்து கப்பலில் வந்தது என்பது ஊர் மரபு. ஸ்பானியர்கள் மணிலாவைத் தலைநகராக்கியதோ 1571இல். ஆண்டிலோ ஊரிலோ எங்கோ ஒரு பிசகு இருக்கிறது. ஆகஸ்ட் 5 திருவிழாவுக்குத் திரளும் கூட்டத்தில், இந்துக்கள் உட்பட, யாருக்கும் அதைப் பற்றிக் கவலையில்லை.

◆ ரோச், மோத்தா, வாஸ், மச்சாது, மிராண்டா, கொரைரா, பர்னாந்து. டெலிபோன் டைரக்டரி இருந்த காலத்தில் தூத்துக்குடிப் பக்கத்தைப் புரட்டினால் லிஸ்பன் மாதிரி இருக்கும். தாகத்தில் தவித்த ஊருக்குத் தாமிரபரணித் தண்ணீரைக் குழாயில் கொண்டுவந்த நகர்மன்றத் தலைவர் ராவ் பகதூர் குரூஸ் பர்னாந்து. போர்ச்சுக்கீசியப் பெயர், ஆங்கில அரசு கொடுத்த பட்டம், பொதிகை மலைத் தண்ணீர்.

◆ மக்ரூன். ஐரோப்பாவில் பாதாம் பருப்பில் செய்வது. இங்கே முந்திரி, முட்டையின் வெள்ளைக்கரு, சர்க்கரை, அவ்வளவுதான். அந்த முந்திரியும் நம்முடையதல்ல. பிரேசிலிலிருந்து போர்ச்சுக்கீசியர் கொண்டுவந்த மரம். இன்று ஆப்பிரிக்காவில் விளையும் பச்சை முந்திரிக்கொட்டை மூட்டை மூட்டையாக இதே துறைமுகத்தில் இறங்கி உடைக்கப் போகிறது. வாயில் போட்டால் கரைகிற ஒரு சமாச்சாரத்துக்கு மூன்று கண்டம்.

◆ வ.உ.சி.யைக் 'கப்பலோட்டிய தமிழன்' என்று மட்டும் சொல்லி நிறுத்திவிடுகிறோம். அவர் கட்டியது ஒரு பங்கு நிறுவனம். 1906 அக்டோபரில் பதிவான சுதேசி ஸ்டீம் நாவிகேஷன் கம்பெனியின் மூலதனம் 10 லட்சம் ரூபாய், தலா 25 ரூபாயில் 40,000 பங்கு. 'காலியா', 'லாவோ' என்று இரண்டு கப்பல்கள் தூத்துக்குடி–கொழும்பு பாதையில் ஓடின. எதிரி பிரிட்டிஷ் இந்தியா கம்பெனி. கட்டணத்தைக் குறைத்துக்கொண்டே போன அந்தக் கம்பெனி கடைசியில் இலவசமாக ஏற்றிப் போகவும், குடை கொடுக்கவும் முன்வந்ததாகச் சொல்வார்கள். ஆழம் உள்ள பை எத்தனை நாளானாலும் நஷ்டம் தாங்கும், சின்னப் பை தாங்காது. இன்று ஆன்லைன் கடைகளோடு மல்லுக்கட்டும் மளிகைக்காரருக்கு இந்தக் கதை நன்றாகவே விளங்கும்.

1908 பிப்ரவரியில் ஸ்காட்லாந்துக்காரர்களான ஹார்வி சகோதரர்களின் கோரல் மில்லில் வேலைநிறுத்தம். வ.உ.சி.யும் சுப்பிரமணிய சிவாவும் தொழிலாளர் பக்கம் நின்றார்கள். கூலி உயர்வும் ஞாயிறு விடுமுறையும் கிடைத்தன. அடுத்த மாதமே இருவரும் கைது. வ.உ.சி. சிறையில் செக்கிழுத்துக்கொண்டிருந்தபோது கம்பெனி கலைக்கப்பட்டது, 'காலியா'வைப் போட்டிக் கம்பெனியே வாங்கிக்கொண்டது. துறைமுகத்துக்கு அவர் பெயர் வைத்தது 2011இல்.

◆ முத்துக் குளிப்பு நின்றுபோனதற்குக் கடலை மட்டும் குறை சொல்ல முடியாது. ஜப்பானில் மிகிமோட்டோ கோகிச்சி 1893இல் சிப்பிக்குள் முத்தை வளர்த்துக் காட்டினார். உருண்டை முத்தாக அது உலகச் சந்தைக்கு வந்தபின் இயற்கை முத்தின் விலை சரிந்தது. பஹ்ரைன், குவைத் முத்துத் தொழிலும் சேர்ந்தே விழுந்தது. அவர்களுக்குக் கைகொடுக்கப் பெட்ரோல் வந்தது. தூத்துக்குடிக்கு வந்தது உப்பளம். இங்கே கடைசியாக முத்துக் குளித்தது 1961இல். 1973இல் மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையத்தின் தூத்துக்குடி விஞ்ஞானிகள் உருண்டை முத்தை இங்கேயே வளர்த்துக் காட்டினார்கள், எண்பது ஆண்டு தாமதமாக. இப்போது உலகில் விற்கும் முத்தில் பெரும்பங்கு சீனாவின் நன்னீர்க் குளங்களிலிருந்து வருகிறது. முத்துநகர் எக்ஸ்பிரஸ் ரயில் மட்டும் தினமும் நேரத்துக்குக் கிளம்புகிறது.

◆ முத்துப் போனாலும் சங்கு போகவில்லை. தூத்துக்குடியின் திரேஸ்புரத்தில் சங்கு குளிப்பவர்கள் எடுக்கும் சங்கு வங்காளத்துக்குப் போகிறது. அங்கே திருமணமான இந்துப் பெண்ணின் கையில் வெண்சங்கு வளையல் கட்டாயம். டாக்கா, கொல்கத்தா மணமகள்களின் கைக்காக மன்னார் வளைகுடாவில் மூச்சடக்கும் இந்த ஏற்பாடு டச்சுக்காரர்களுக்கும் மூத்தது.

◆ 2020இல் தூத்துக்குடிக் கடலோரக் காவல்துறை அடிக்கடி பிடித்த கடத்தல் சரக்கு சமையல் மஞ்சள்! இலங்கை அரசு டாலரை மிச்சப்படுத்தவும் உள்ளூர் விவசாயிகளைக் காக்கவும் மஞ்சள் இறக்குமதியை நிறுத்தியது. விலை ஏறியது, இங்கே படகுகள் கிளம்பின. கடலட்டைக் கதை இதற்கு நேர்மாறு. அதைத் தின்பவர்கள் சீனாவிலும் சிங்கப்பூரிலும் இருக்கிறார்கள். இந்தியா 2001இல் அதைப் பிடிக்கத் தடைபோட்டது, பாக் நீரிணைக்கு அந்தப் பக்கம் இலங்கையில் அது உரிமம் பெற்றுச் செய்யும் தொழில். ஒரே கடல், ஒரே அட்டை. இந்தப் பக்கம் எடுத்தால் குற்றவாளி, அந்தப் பக்கம் எடுத்தால் ஏற்றுமதியாளர்.

◆ ஸ்டெர்லைட் தாமிர ஆலை முதலில் வரவிருந்தது மகாராஷ்டிரத்து ரத்னகிரிக்கு. அங்கே மாம்பழ விவசாயிகளும் மீனவர்களும் எதிர்த்ததால் இடம் மாறி, 1994இல் தூத்துக்குடியில் அடிக்கல் நாட்டப்பட்டது. தாதுக்கல் வெளிநாட்டிலிருந்து துறைமுகத்தில் இறங்கியது, தாய் நிறுவனமான வேதாந்தாவின் பங்கு லண்டனில் விற்றது, தாமிரத்தின் விலையும் லண்டனில்தான் முடிவாகும். புகை மட்டும் உள்ளூர். விரிவாக்கத்தை எதிர்த்து, ஆலையை அடுத்த குமரெட்டியாபுரத்தில் தொடங்கிய போராட்டத்தின் நூறாம் நாள் 2018 மே 22. அன்றைய போலீஸ் துப்பாக்கிச் சூட்டை ஒட்டிப் போன உயிர்கள் 13. ஒரு வாரத்துக்குள் ஆலை மூடப்பட்டது. பிரிட்டனில் அப்போது எதிர்க்கட்சியாக இருந்த தொழிற்கட்சியின் ஜான் மெக்டானல், வேதாந்தாவை லண்டன் பங்குச் சந்தையிலிருந்து நீக்கச் சொன்னார். அந்த அக்டோபரில் நிறுவனம் வெளியேறியது, ஆனால் அது உரிமையாளர் பங்குகளை வாங்கிக்கொண்டதால். 2024 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றமும் ஆலையைத் திறக்க மறுத்தது.

எல்லாரும் கொண்டாடினார்கள் என்று எழுதினால் அது பொய். ஆலையை நம்பியிருந்த லாரிக்காரர்களும் ஒப்பந்தத் தொழிலாளர்களும் உண்டு. தாமிரத்தை ஏற்றுமதி செய்துவந்த இந்தியா இறக்குமதி செய்யும் நாடாக மாறியது. ஆனால் முத்துக்கும் உப்புக்கும் இல்லாத ஒன்று தாமிரத்துக்கு வாய்த்தது: விலை வைக்கும் ஊரில் போய்க் கேள்வி கேட்க ஆட்கள் இருந்தார்கள். லண்டனில் வேதாந்தா பங்குதாரர் கூட்டத்தின் வாசலில் தூத்துக்குடியின் பெயர் எழுதிய பதாகை நின்றது.

◆ இன்றைய துறைமுகம் பெருந்துறைமுகமாக அறிவிக்கப்பட்டது 1974 ஜூலையில். அப்போது வியட்நாமில் போர் முடிந்திருக்கவில்லை. 2025 ஆகஸ்ட் 4 அன்று அதே வியட்நாமின் வின்பாஸ்ட் நிறுவனம் தூத்துக்குடி சிப்காட்டில் மின்சாரக் கார் ஆலையைத் திறந்தது.

◆ திருப்பூர் பனியனும் கரூர் படுக்கை விரிப்பும் தூத்துக்குடியில் கன்டெய்னர் ஏறினாலும் பெரும்பாலும் கொழும்பில் இறங்கி அங்கே பெரிய கப்பலுக்கு மாறித்தான் ஐரோப்பா போகின்றன. வ.உ.சி. கப்பல் விட்ட அதே பாதை. 2023 கடைசியில் ஏமனின் ஹூதிகள் செங்கடலில் கப்பல்களைத் தாக்க ஆரம்பித்தபோது, பெரிய கப்பல்கள் ஆப்பிரிக்காவைச் சுற்றிப் போயின. வாஸ்கோ ட காமா வந்த வழி. கூடுதல் வாடகையைப் பின்னலாடைக்காரர் சுமந்தார்.

◆ இதே மாவட்டத்துக் கோவில்பட்டியில் தீப்பெட்டித் தொழில் பெண்களின் கையில் ஓடுகிறது. அதற்குப் பகை, சீனாவிலிருந்து வந்த பத்து ரூபாய் பிளாஸ்டிக் லைட்டர். ஒரு லைட்டர் 20 தீப்பெட்டியின் வேலையைச் செய்துவிடும். உற்பத்தியாளர்களும் தமிழக அரசும் டெல்லிக்கு எழுதியெழுதி, 2023 ஜூனில் 20 ரூபாய்க்குக் குறைந்த லைட்டர் இறக்குமதிக்குத் தடை வாங்கினார்கள். இறக்குமதி செய்பவர்கள் சும்மா இருப்பார்களா? லைட்டராக வராமல் உதிரிபாகமாக வந்தது, இங்கே மாட்டிக்கொள்ள வேண்டியதுதான். 2024 அக்டோபரில் உதிரிபாகத்துக்கும் தடை.