காற்றைக் கட்டுதலும் ஆளுதலும்

மந்திரம் வல்லார் பேச்சிலே ‘கட்டு’ என்றொரு சொல் உண்டு. வாய்க்கட்டு, விலங்குக்கட்டு, பேய்க்கட்டு என அது பலவகைப்படும். மன்னார்க் கடலுக்கும் ஒரு கட்டு இருந்தது. அரிப்பிலும் சிலாவத்துறையிலும் முத்துக்குளிப்பு நடந்த நாளில், சுறா குளியாளரைத் தீண்டாதவாறு மந்திரத்தாற் கடலைக் கட்டுபவர் ஒருவர் இருந்தார். ‘கடல்கட்டி’ என்பது அவருக்குப் பெயர். அவர் வந்தாலன்றிக் குளியாளர் நீரில் இறங்கார்.

இது மிகப் பழைய வழக்கம். பதின்மூன்றாம் நூற்றாண்டின் இறுதியில் இக்கடல்வழி சென்ற மார்க்கோ போலோ இம்மந்திரகாரரைப் பற்றி எழுதியிருக்கிறார். எடுத்த முத்தில் இருபதில் ஒரு பங்கு அவர்களுக்குக் கூலி. கட்டு, பகலுக்கு மாத்திரமே. மாலையில் அதை அவிழ்த்துவிடுவார்கள். இரவிலே களவாகக் குளிக்க நினைப்பவனுக்குச் சுறாவே காவல்! பத்தொன்பதாம் நூற்றாண்டில் எமேர்சன் ரெனன்ற் என்ற ஆங்கில அதிகாரி இலங்கையைப் பற்றி எழுதிய நூலிலும் கடல்கட்டி வருகிறார். அக்காலத்தில் அரிப்பிலே கட்டுச் செய்தவர் ஒரு கத்தோலிக்கர் என்று அவர் குறித்திருப்பது சுவையான செய்தி. மதம் எதுவாயினும் கட்டுப் பலிக்கும் என்பது குளியாளர் நம்பிக்கை.

சுறாவைக் கட்டினால் மாத்திரம் முத்து வந்துவிடாது. காற்றும் துணை நிற்கவேண்டும். வாடை ஓய்ந்து சோளகம் எழுவதற்கு இடைப்பட்ட அமைதியான சில வாரங்களே குளிப்புக் காலம். தோணிகள் இரவிலே கரைக்காற்றிற் புறப்பட்டு, விடியுமுன் முத்துப்பாரை அடையும். நண்பகலிற் கடற்காற்று எழுந்ததும் பாய்விரித்துத் திரும்பும். காற்று மாறினால் தொழில் கெட்டது. சுறாவைக் கட்டியது போலக் காற்றையும் கட்டினால் என்ன என்று எந்தக் கடலோடிதான் எண்ணியிருக்க மாட்டான்?

பிற நாட்டாரும் அப்படி எண்ணியிருக்கிறார்கள். ஹோமரின் ஒடிசியிலே, காற்றுக்களின் காவலனாகிய ஏயோலன், மேல்காற்று ஒழிந்த எல்லாக் காற்றையும் எருதுத்தோற் பையில் அடைத்து, வெள்ளிக் கயிற்றாற் கட்டி ஒடிசியசிடம் கொடுக்கிறான். சொந்த ஊர் கண்ணுக்குத் தெரியும் வேளையிலே, உள்ளே பொன் இருக்கிறதென்று எண்ணித் தோழர்கள் பையை அவிழ்த்துவிடுகிறார்கள். காற்றுப் புறப்பட்ட இடத்துக்கே அவர்களைத் துரத்துகிறது. வட ஐரோப்பாவிலே மாலுமிகள் மந்திரகாரரிடம் மூன்று முடிச்சிட்ட கயிறு வாங்குவராம். முதல் முடிச்சை அவிழ்த்தால் இளங்காற்று. இரண்டாவதை அவிழ்த்தால் வன்காற்று. மூன்றாவதை அவிழ்த்தாற் சூறை. பையானாலும் கயிறானாலும் கருத்து ஒன்றே. காற்றைச் சிறைப்பிடிக்கவேண்டும் என்பதே அது.

நம் புலவர் என்ன நினைத்தார்? புறநானூற்றின் அறுபத்தாறாம் பாட்டு, வெண்ணிக் குயத்தியார் கரிகால் வளவனைப் பாடியது. பெருங்கடலிலே மரக்கலம் செலுத்திக் காற்றின் தொழிலை ஆண்டவனுடைய வழித்தோன்றலே என்று அவனை அவர் அழைக்கிறார். பழைய உரைகாரர் இதற்கு ஒரு கதையும் சொல்கிறார். காற்றின்றிக் கலம் ஓடாது நிற்க, அச்சோழன் காற்றுத் தெய்வத்தை அழைத்து ஏவல்கொண்டானாம். ஆனாற் பாட்டிலே தெய்வமும் இல்லை, மந்திரமும் இல்லை. கட்டுதல் என்ற சொல்லைப் புலவர் எடுக்கவில்லை. ஆளுதல் என்ற சொல்லையே எடுத்தார். அதிலும், ஆளப்பட்டது காற்று என்னாமல் காற்றின் தொழில் என்றார். காற்றின் தொழில் வீசுதல். அதை வீசவிட்டுப் பயன் கொள்வதே ஆளுதல்.

மன்னார்த் தீவார் இந்த ஆட்சியை நன்கறிவர். சோளகத்திலே தென்கடல் கொந்தளிக்கும். வாடையிலே வடகடல் கொந்தளிக்கும். காற்று மோதும் பக்கத்தை விட்டு மறுபக்கத்திலே வலை வைப்பது தீவு மக்களின் அறிவு. ஆட்சிக்கு அடங்காத நாளும் உண்டு. 1964ஆம் ஆண்டு டிசெம்பர் 22, 23ஆம் நாள்களில் எழுந்த புயல், தலைமன்னாருக்கு எதிர்க்கரையாகிய தனுஷ்கோடியை அழித்ததை இரு கரையும் மறக்கவில்லை.

இன்று அத்தீவின் தென்கரையிலே வேறொரு கருவி நிற்கிறது. 2020ஆம் ஆண்டு டிசெம்பரில் திறக்கப்பட்ட தம்பபவனிக் காற்றாலையைச் சொல்கிறேன். முப்பது சக்கரங்கள், ஒவ்வொன்றும் 3.45 மெகாவாற், மொத்தம் 103.5 மெகாவாற். பவனம் என்னும் காற்றின் பெயர் இப்பெயரிலும் ஒலிக்கிறது. பார்ப்பவனுக்கு இது மந்திரக் கருவியே. இதுவாவது காற்றைக் கட்டுகிறதா?

இல்லை. ஜேர்மானிய அறிஞர் அல்பேர்ட் பெற்ஸ் 1920இல் ஒரு கணக்கை வெளியிட்டார். காற்றின் ஆற்றலில் இருபத்தேழில் பதினாறு பங்குக்கு மேல், அதாவது நூற்றுக்கு 59.3 பங்குக்கு மேல், எந்தச் சக்கரத்தாலும் பெறமுடியாது. ஏன்? சக்கரம் காற்றை முற்றாக நிறுத்திவிட்டாற் பின்வரும் காற்றுக்கு வழியில்லை; அது விலகிப் போய்விடும்; சக்கரமும் நின்றுவிடும். வந்த வேகத்தில் மூன்றில் ஒரு பங்கோடு காற்றைப் போகவிடும்போதே பயன் மிகும். புயல் வந்தாலோ, சக்கரம் தன் அலகுகளைத் திருப்பிக் காற்றுக்கு வழிவிட்டு ஓய்ந்து நிற்கும். கட்டினாற் பயனில்லை, விட்டு ஆண்டாற் பயனுண்டு. குயத்தியாரின் சொல்லும் பெற்ஸின் கணக்கும் ஒன்றையே சொல்கின்றன.

ஆளுதல் என்ற சொல்லை எடுத்தால் ஆளப்படுவோரையும் எண்ணவேண்டும். நாட்டுக்கு மின்சாரம் வேண்டும். 2022இல் ஒரு நாளிற் பதின்மூன்று மணி நேரம் விளக்கின்றி இருந்த நாட்டுக்கு அதை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. ஆனால் மன்னார், வெறுந் திடலன்று. மத்திய ஆசியாவிலிருந்து தெற்கே வரும் பறவைகளுக்கு அது வாயில். வங்காலைச் சரணாலயம் 2010இல் ராம்சார் ஈரநிலமாக அறிவிக்கப்பட்டது. அங்கே பூநாரையும் ஊசிவால் வாத்தும் வந்து தங்கும். மீன்பாடு குறைந்தது, மழைவெள்ளம் வடியவில்லை என்று தீவு மக்கள் முறையிட்டனர். புதிய காற்றாலைகள் அமைக்க முன்வந்த அதானிக் கம்பனி 2025ஆம் ஆண்டு பெப்ரவரியில் விலகிக்கொண்டது. வேறு காற்றாலைகளுக்கான பாகங்கள் வந்தபோது, அவ்வாண்டு ஆகஸ்டில் மக்கள் தெருவில் இருந்து போராடினர். அரசு வேலையை ஒரு மாதம் நிறுத்திவைத்தது. பின்னரும் போராட்டம் ஓயவில்லை.

எது சரி, எது பிழை என்று தீர்ப்பளிக்க நான் பொறியியல் வல்லான் அல்லேன். தமிழ் படிப்பிப்பவன் என்ற முறையில் ஒன்று சொல்லலாம். குயத்தியாரின் பாட்டை வகுப்பிலே எடுக்கும்போது, பண்டைத் தமிழர் கடலோடினர் என்பதற்குச் சான்று காட்டிவிட்டு நாம் முதல் இரண்டு அடிகளோடு நின்றுவிடுகிறோம். பாட்டு அங்கே முடியவில்லை. காற்றை ஏவல்கொண்ட குடியிலே பிறந்து, வெண்ணிப் போரில் வென்று நிற்பவனைப் பார்த்துப் புலவர் கேட்கிறார்: முதுகிற் பட்ட புண்ணுக்கு நாணி, வடக்கிருந்து உயிர்நீத்த உன் பகைவன் உன்னிலும் நல்லன் அல்லனோ? வென்றவனைப் புகழ வந்த பாட்டு, தோற்றவனை நல்லவன் என்று சொல்லி முடிகிறது. அரசன் எதிரே நின்று இதைச் சொன்னவர் மண் பிசையும் குடியிலே பிறந்த ஒரு பெண்.

காற்றை ஆளுவது ஆற்றல். அதை ஆளும்போது, எதிரே நிற்பவன் சொல்வதிலும் நியாயம் இருக்கலாமே என்று நாணத் தெரிவது நன்மை. இனிமேல் அப்பாட்டைக் கடைசி அடிவரை படிப்பிப்போம்.