பேய்ப்படம் எடுத்தவர் காமெடிக்கு வந்தார்! டி.வி. சிரிப்புக்கு மூணு கேமரா வைத்த கார்ல் பிராய்ண்ட்

டி.வி. காமெடி தொடரில் ஒருத்தர் ஜோக் அடிப்பார். அடுத்த நொடியே எதிரில் நிற்பவர் திருதிருவென முழிப்பது குளோசப்பில் வரும். கூடவே ஜனங்கள் சிரிக்கும் சத்தம். இந்த பாணி உலகம் முழுக்க பரவ முக்கிய காரணம் ஒரு கேமராமேன். அதுவும் 'டிராகுலா'வை படம் பிடித்து மிரட்டியவர்!

அவர் பெயர் கார்ல் பிராய்ண்ட். 1890-ல் பொகிமியாவில் (இன்றைய செக் நாடு) பிறந்தவர். சின்ன வயதிலேயே சினிமா ஆபரேட்டர் வேலைக்கு போனார். ஜெர்மனியில் 1924-ல் வந்த 'கடைசிச் சிரிப்பு' படத்துக்காக கேமராவை உடம்பில் கட்டிக்கொண்டு நடந்தே படம் எடுத்தார். 1927-ல் வந்த 'மெட்ரோபோலிஸ்' படத்திலும் இவர் கைவண்ணம் உண்டு.

பிறகு ஹாலிவுட். 1931-ல் 'டிராகுலா'. 1932-ல் 'மம்மி' படத்தை டைரக்ட் செய்தார். 'குட் எர்த்' படத்துக்காக ஆஸ்கார் விருதும் வாங்கினார்.

சிக்கல் என்ன?

1951-ல் நடிகை லூசில் பால், அவரது கணவர் டெசி அர்னாஸ் ஜோடிக்கு சி.பி.எஸ். டி.வி.யில் 'ஐ லவ் லூசி' தொடர் கிடைத்தது. அப்போது காமெடி நிகழ்ச்சிகள் பெரும்பாலும் நியூயார்க்கில் இருந்து நேரடி ஒளிபரப்புதான். தூரத்து ஊர்களுக்கு, டி.வி. திரையையே பிலிமில் படம் பிடித்து அனுப்புவார்கள். படம் மங்கலாக தெரியும்.

லூசி தம்பதி ஹாலிவுட்டை விட்டு நகர மாட்டோம் என்றனர். அப்படியானால் நல்ல சினிமா பிலிமில் எடுத்து அனுப்புவதுதான் வழி. செலவு கூடும். அதற்காக சம்பளத்தில் வாரம் 1,000 டாலரை விட்டுக்கொடுத்து, தொடரின் உரிமையை தங்கள் கம்பெனிக்கு வாங்கிக்கொண்டனர்.

இன்னொரு சங்கடம். ஆட்கள் எதிரே இருந்து சிரித்தால்தான் லூசிக்கு நடிப்பு களைகட்டும். சினிமாவிலோ ஷாட்டுக்கு ஷாட் லைட்டை மாற்ற வேண்டும். 300 பேரை உட்கார வைத்துவிட்டு அதெல்லாம் நடக்குமா? அர்னாஸ் நேராக பிராய்ண்டை பிடித்தார்.

மேலே ஏறிய லைட்

பிராய்ண்டுக்கு அப்போது வயது 61. சொந்தமாக லைட் மீட்டர் கம்பெனியே வைத்திருந்தார். வயிற்றுப்பாட்டுக்கு டி.வி. பக்கம் வரவேண்டிய அவசியமில்லை. சவாலுக்காகவே இறங்கினார்.

மூணு கேமராக்கள் ஒரே நேரத்தில் ஓடின. நடு கேமராவில் முழு காட்சி, பக்கத்து இரண்டில் குளோசப். கேமராக்கள் தரையில் உருள வேண்டும் என்பதால் லைட்டுகளை எல்லாம் மேலே தொங்கவிட்டார். எங்கே நின்றாலும் முகம் ஒரே மாதிரி தெரியும்படி வெளிச்சத்தை பரப்பினார். அன்றைய டி.வி.யில் கருப்பு இன்னும் கருப்பாகும், வெள்ளை இன்னும் வெளிறும். அதனால் செட்டுக்கு சாம்பல் நிறத்திலேயே பல ஷேடுகளில் பெயிண்ட் அடித்தனர்.

பல கேமரா வைத்து பிலிமில் எடுப்பது அதற்கு முன்பும் நடந்ததுதான். ஆனால் ஜனங்கள் முன்னால் நாடகம் போல நடிக்க, சினிமா தரத்தில் வாரா வாரம் எடுக்கலாம் என்று நிரூபித்தது இந்த டீம்தான்.

நிழலை விட்டுக்கொடுத்தார்

நிழலை வைத்து வித்தை காட்டி பேர் வாங்கியவர், இங்கே நிழலே விழாமல் பார்த்துக்கொள்ள வேண்டியிருந்தது. "எல்லாம் ஒரே வெளிச்சமாக இருக்கிறதே" என்ற குறை இந்த பாணி மீது இன்றும் உண்டு. ஆனால் லூசி எங்கே ஓடினாலும் விழுந்தாலும் கேமராவில் சிக்கினார். சிரிப்பும் அசலாக கிடைத்தது.

பலன் சீக்கிரமே தெரிந்தது. 1953-ல் லூசிக்கு குழந்தை பிறந்தது. அவர் ஓய்வில் இருந்தபோது பழைய எபிசோடுகளையே மறுபடி போட்டனர். நல்ல பிலிமில் இருந்ததால்தான் அது முடிந்தது. மறு ஒளிபரப்பில் காசு இருக்கிறது என்பது டி.வி. முதலாளிகளுக்கு புரிந்தது.

1957 வரை 180 எபிசோடுகள். பெரும்பாலானவற்றுக்கு கேமரா பிராய்ண்ட்தான். 1969-ல், 79-வது வயதில் அவர் காலமானார்.

அந்த காலத்து நேரடி நிகழ்ச்சிகள் பல காற்றோடு போய்விட்டன. லூசி மட்டும் இன்றும் பளிச்சென்று சிரிக்க வைக்கிறார்!