பிளாக் செய்வதற்கு முன் ஒரு ஸ்கிரீன்ஷாட்

2022 புத்தாண்டு அன்று, ஏறத்தாழ நூறு முஸ்லிம் பெண்களின் படங்கள் ஒரு செயலியில் ‘ஏலத்துக்கு’ வைக்கப்பட்டிருந்தன. பத்திரிகையாளர்கள், சமூகச் செயல்பாட்டாளர்கள் என்று பொதுவெளியில் துணிந்து பேசும் பெண்களாகப் பார்த்துப் பொறுக்கியிருந்தார்கள். ‘புல்லி பாய்’ என்ற அந்தச் செயலியில் உண்மையில் ஏலமும் இல்லை, விற்பனையும் இல்லை. இன்ன மதத்துப் பெண் என்பதற்காக ஒருத்தியைச் சந்தைப் பொருளாக்கி அவமானப்படுத்துவது மட்டுமே நோக்கம்.

இதற்கு ஆறு மாதம் முன்பே, 2021 ஜூலையில், ‘சுல்லி டீல்ஸ்’ என்ற பெயரில் இதே கொடுமை நடந்திருந்தது. பெண்கள் புகார் கொடுத்தார்கள், வழக்கும் பதிவானது. ஆனால் ஒரு கைதுகூட இல்லை. புல்லி பாய் வந்த பிறகு மும்பை சைபர் போலீஸ் களமிறங்கியது. சில நாட்களிலேயே இருபது வயதை ஒட்டிய மாணவர்கள் பிடிபட்டார்கள். அதன் பிறகுதான் முதல் செயலியை உருவாக்கியதாகச் சொல்லப்படும் நபரை இந்தூரில் டெல்லி போலீஸ் கைது செய்தது. முதல் புகாரிலேயே இந்த வேகம் இருந்திருந்தால், இரண்டாவது செயலியை உருவாக்கும் துணிச்சல் யாருக்கும் வந்திருக்காது.

இணையத்தில் எல்லோருக்கும்தான் திட்டு விழுகிறது என்று சிலர் சொல்வார்கள். ஆனால் அது எல்லோருக்கும் ஒரே மாதிரி விழுவதில்லை. 2019 மக்களவைத் தேர்தல் காலத்தில் 95 இந்தியப் பெண் அரசியல்வாதிகளைக் குறிப்பிட்டு வந்த ட்வீட்டுகளை ஆம்னெஸ்டி அமைப்பு ஆராய்ந்தது. ஏழில் ஒன்று வசையாகவோ ஆட்சேபத்துக்குரியதாகவோ இருந்தது. முஸ்லிம் பெண்களுக்கு மதம், இனம் சார்ந்த வசை மற்றவர்களைவிட 94 சதவீதம் அதிகம். ஒடுக்கப்பட்ட சாதிகளைச் சேர்ந்த பெண்களுக்குச் சாதி வசை 59 சதவீதம் அதிகம். ஒருவர் சொன்ன கருத்துக்குப் பதில் இருந்தால் அது விவாதம். அவர் பிறந்த சாதியை, மதத்தை, பாலினத்தை இழுத்தால் அது தாக்குதல்.

இதில் சட்டம் வெறுங்கையோடு நிற்கவில்லை. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66ஏ பிரிவை 2015-ல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்துவிட்டது உண்மைதான். அதனால் இணைய வசைக்கு வழக்கே கிடையாது என்று நினைப்பது தவறு. ஒரு பெண்ணை இணையத்தில் விடாமல் பின்தொடர்ந்து தொல்லை கொடுப்பது பாரதிய நியாய சன்ஹிதாவின் 78-வது பிரிவில் வரும். முதல் முறைக்கே மூன்றாண்டு வரை சிறை. பெண்ணின் கண்ணியத்தைக் குலைக்கும் சொல்லுக்கு 79. முகம் காட்டாமல் மிரட்டினால் 351. மதம், சாதி, மொழியின் பெயரால் பகை மூட்டினால் 196. படத்தை ஆபாசமாக மார்ஃபிங் செய்து பரப்பினால் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 67-வது பிரிவு.

பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் இருக்கிறது. அவதூறு வீடியோவை யார் திறந்து பார்த்தாலும், அந்த நேரத்தில் பாதிக்கப்பட்டவர் நேரில் இருந்ததாகவே கொள்ள வேண்டும் என்று 2022-ல் கேரள உயர் நீதிமன்றம் சொன்னது. இந்தச் சட்டம் கேட்பதுபோல், பொதுப் பார்வையில் நடந்த இழிவு என்று நிரூபிக்க இது பெரிய துணை. ஆனால் பட்டியலினத்தவரைத் திட்டிய எல்லாமே இந்தச் சட்டத்தில் வராது, சாதியை வைத்து இழிவுபடுத்தும் நோக்கம் தெரிய வேண்டும் என்று 2024 ஆகஸ்டில் ஒரு யூடியூப் வீடியோ வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது.

இங்கேதான் பல புகார்கள் சறுக்குகின்றன. ‘கேவலமான வார்த்தைகளால் திட்டினார்’ என்று எழுதினால் சாதி அங்கே காணாமல் போய்விடுகிறது. கூசினாலும் அந்தச் சொல்லை அப்படியே எழுத வேண்டும்; எந்தப் பதிவில், எந்தத் தேதியில், எத்தனை மணிக்கு என்பதோடு எழுத வேண்டும். தன் சாதியையும், தெரிந்தால் எதிராளியின் சாதியையும் குறிப்பிட வேண்டும். எதிராளியும் பட்டியலினத்தவர் என்றால் இந்தச் சட்டம் பொருந்தாது.

திருநர்களுக்கான 2019 சட்டம் வார்த்தையாலும் மனரீதியாகவும் செய்யும் கொடுமையைக் குற்றம் என்கிறது. தண்டனையோ அதிகபட்சம் இரண்டே ஆண்டு. தன்பால் ஈர்ப்புள்ள ஆண்களுக்கு அந்த அளவுகூட இல்லை. அவர்கள் மிரட்டல், அவதூறு போன்ற பொதுப் பிரிவுகளைத்தான் பிடித்துக்கொள்ள வேண்டும். இது சட்டத்தில் உள்ள பெரிய ஓட்டை, அடைக்கப்பட வேண்டியது.

‘நான் எழுதவில்லை, ஃபார்வர்டு மட்டும்தான் செய்தேன்’ என்பதும் செல்லாது. 2018-ல் பெண் பத்திரிகையாளர்களை இழிவுபடுத்தும் பதிவை முகநூலில் பகிர்ந்த நடிகரும் முன்னாள் எம்.எல்.ஏ.வுமான எஸ்.வி.சேகர், அதை நீக்கி மன்னிப்பும் கேட்டார். வழக்கை ரத்து செய்ய சென்னை உயர் நீதிமன்றம் மறுத்தது; அனுப்பிய செய்தி வில்லிலிருந்து புறப்பட்ட அம்பு என்றது. 2024 பிப்ரவரியில் சிறப்பு நீதிமன்றம் ஒரு மாதச் சிறைத் தண்டனை விதித்தது. 2025 ஜனவரியில் உயர் நீதிமன்றம் அதை உறுதி செய்தது.

தாக்குதல் வந்ததும் முதலில் கை போவது பிளாக் பட்டனுக்குத்தான். அதற்கு முன் ஆதாரத்தை எடுத்துவிட வேண்டும். வசைச் சொல் மட்டும் தெரிகிற ஸ்கிரீன்ஷாட் போதாது. கணக்கின் பெயர், தேதி, பதிவின் லிங்க் எல்லாம் வேண்டும். அந்தக் கணக்கின் முகப்பிலிருந்து அந்தக் கமெண்ட் வரை ஸ்க்ரோல் செய்வதை ஸ்கிரீன் ரெக்கார்டிங் எடுத்து வைத்தால் இன்னும் நல்லது. படத்தை வெட்டவோ வட்டம் போடவோ வேண்டாம். ஆதாரம் எடுத்த போனையும் விற்றுவிடக் கூடாது. ஏனென்றால் நீதிமன்றத்தில் மின்னணு ஆதாரத்துக்குச் சான்றிதழ் கேட்பார்கள்.

அந்தரங்கப் படம், ஆள்மாறாட்டம், மார்ஃபிங் என்றால் புகார் கிடைத்த 2 மணி நேரத்துக்கு மேல் சமூக வலைதள நிறுவனம் அதை விட்டுவைக்கக் கூடாது என்று, 2026-ல் திருத்தப்பட்ட 2021 தகவல் தொழில்நுட்ப விதிகள் சொல்கின்றன. நிறுவனம் கைவிரித்தால் மத்திய அரசின் குறைதீர் மேல்முறையீட்டுக் குழுவுக்கு 30 நாளுக்குள் போகலாம். போலீஸ் புகாரை மாவட்ட சைபர் கிரைம் காவல் நிலையத்திலோ, தேசிய சைபர் குற்றப் புகார் தளத்திலோ தரலாம். எந்தக் காவல் நிலையத்திலும் ‘ஜீரோ எஃப்.ஐ.ஆர்.’ பதியலாம், ‘இது எங்கள் எல்லை இல்லை’ என்று திருப்பி அனுப்ப முடியாது. அப்படியும் மறுத்தால் எஸ்.பி.க்குத் தபாலில் அனுப்புங்கள், அடுத்து மாஜிஸ்திரேட்டிடம் போங்கள். சாதி வன்கொடுமைக்கென 14566 என்ற உதவி எண் இருக்கிறது.

வீட்டாருக்கும் ஒரு வார்த்தை. 2016-ல் சேலம் மாவட்டத்தில் மார்ஃபிங் படங்களால் ஓர் இளம்பெண் உயிரை விட்டார். பெற்றோரே தன்னை நம்பவில்லை என்பதுதான் அவர் எழுதி வைத்த வேதனை. பிள்ளை வந்து சொன்னால் போனைப் பிடுங்காதீர்கள். கூடவே காவல் நிலையம் வரை போங்கள். மனம் உடைந்திருந்தால் 14416 என்ற டெலி மானஸ் எண்ணில் பேசச் செய்யுங்கள்.

தாக்கியவர் கணக்கையே அழித்துவிட்டால் எல்லாம் போயிற்று என்று நினைக்க வேண்டாம். நீக்கிய கணக்கைத் தொடங்கும்போது தந்த பதிவு விவரங்களை நிறுவனங்கள் 180 நாள் வைத்திருக்க வேண்டும் என்பது விதி. அந்த 180 நாள் ஓடிக்கொண்டிருக்கும்போதே புகாரைக் கொடுத்துவிடுங்கள்.