இரண்டு நிலவு உலகில் அமாவாசை என்று?

செவ்வாய்க் கிரகத்திற்கு இரண்டு நிலவுகள் உண்டென்று நாம் எல்லோரும் பள்ளியிலேயே படித்திருக்கிறோம். போபோஸ், டெய்மோஸ் என்று எழுதி ஒரு மதிப்பெண் வாங்கியதோடு நான் அவற்றை மறந்துபோனேன். துறைக் கருத்தரங்கில் பேசுவதற்காக அவற்றை மறுபடியும் படிக்க நேர்ந்தது. விடுமுறையில் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து உரக்கப் படித்துக்கொண்டிருந்தபோது, என் அம்மாச்சி கேட்டார்:

"ஏய்யா, ரெண்டு நிலா இருந்தா அங்க அமாவாசை எப்பய்யா வரும்?"

அம்மாச்சிக்கு எழுதப் படிக்கத் தெரியாது. எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். ஆயினும் அந்தக் கேள்விக்கு என்னால் உடனே விடை சொல்ல முடியவில்லை. காகிதமும் பென்சிலும் எடுத்துக்கொண்டு உட்கார்ந்தேன்.

செவ்வாயில் ஒரு பகலும் ஓர் இரவும் சேர்ந்த நாளின் அளவு 24 மணி 39 நிமிடம். நம்முடைய நாளைவிடச் சற்றே நீளம். போபோஸ் செவ்வாயை ஒருமுறை சுற்றி வர 7 மணி 39 நிமிடமே போதும். வளர்பிறை, தேய்பிறை எல்லாம் அதற்குள் முடிந்துவிடும். எனவே ஒரே நாளில் மூன்று அமாவாசை, மூன்று பௌர்ணமி! செவ்வாய் தன்னைத்தானே சுற்றுவதைவிட வேகமாக அது ஓடுவதால், மேற்கே உதித்துக் கிழக்கே மறைகிறது. டெய்மோஸின் கதை வேறு. அது சுற்றி வர 30 மணிக்குச் சற்று மேலாகிறது. ஐந்து நாளில் நான்கு அமாவாசை என்று கணக்கு வருகிறது. ஆனால் அங்கே நிற்பவரின் கண்ணுக்கு அது ஒரு பெரிய விண்மீனைப் போலத்தான் தெரியும். பிறையைப் பார்க்க இயலாது. கிழக்கே எழுந்தால் மேற்கே விழுவதற்கு இரண்டரை நாளுக்கு மேல் எடுத்துக்கொள்கிறது.

இதைச் சொன்னதும் அம்மாச்சி சிரித்துவிட்டார். "நாளைக்கு மூணு அமாவாசைன்னா யாரு விரதம் இருக்கிறது?" என்றார்.

சிரிப்புக்கிடமான அந்தப் பேச்சில்தான் விஷயமே இருக்கிறது. நம் நிலவு பிறை முதல் பிறை வரை 29½ நாள் எடுத்துக்கொள்கிறது. பாமரனும் விரல்விட்டு எண்ணக்கூடிய அளவு அது. அதனால்தான் நமக்கு மாதம் என்ற ஒன்று கிடைத்தது. செவ்வாயிலோ ஒன்றுக்கு இரண்டாக நிலவுகள் இருந்தும், மாதம் தருவதற்கு ஒன்றும் இல்லை. 1877 ஆம் ஆண்டில் ஆசாப் ஹால் இவற்றைக் கண்டுபிடிப்பதற்கு முன்பே, 1726 இல் வெளிவந்த 'கலிவரின் பயணங்கள்' நூலில் ஜோனாதன் ஸ்விஃப்ட் செவ்வாய்க்கு இரு நிலவுகள் உண்டென்று கற்பனையாக எழுதியிருக்கிறார். ஆனால் நாட்காட்டிச் சிக்கலைப் பற்றி அவர் கவலைப்படவில்லை!

அந்தக் கவலையைப் பட்டவர் தாமஸ் கேங்கேல் என்ற அமெரிக்கப் பொறியாளர். என்றாவது மனிதர்கள் அங்கே குடியேறினால் நாளை எப்படிக் குறிப்பார்கள் என்று எண்ணி, 1985 இல் ஒரு நாட்காட்டியை உருவாக்கினார். தம் மகன் டேரியஸின் பெயரால் அதற்கு 'டேரியன் நாட்காட்டி' என்று பெயரிட்டார். செவ்வாயின் ஓர் ஆண்டு அந்த ஊர்க் கணக்கில் 668.6 நாள். அதை அவர் 24 மாதங்களாகப் பிரித்தார். மாதத்திற்கு 28 நாள். ஒவ்வொரு ஆறாவது மாதத்திற்கும் 27 நாள். கூட்டினால் 668. மீதமுள்ள பின்னத்திற்காகப் பத்து ஆண்டுகளில் ஆறு ஆண்டுகளுக்கு ஒரு நாள் கூடுதல். அங்கே சாதாரண ஆண்டைவிட லீப் ஆண்டுதான் சாதாரணம்!

ஒவ்வொரு மாதமும் ஞாயிற்றுக்கிழமையில்தான் தொடங்கும். அதற்காக, 27 நாள் மாதங்களில் கடைசிச் சனிக்கிழமையை அவர் வெட்டிவிட்டார். விடுதி நண்பர்கள் எண்ணெய்க் குளியலை நினைத்து வருந்த வேண்டாம்.

என்னை வியப்பில் ஆழ்த்தியவை அந்த மாதப் பெயர்களே. இலத்தீனில் ஒரு ராசிப் பெயர், அடுத்து அதே ராசிக்கு வடமொழிப் பெயர் என்று மாறி மாறி வருகின்றன. சஜிட்டேரியஸ் முடிந்தால் தனுஸ். கேப்ரிகார்னஸ் முடிந்தால் மகரம். நம் ஊர்ச் சோதிடர் அங்கே போனாலும் பிழைத்துக்கொள்வார். ஆனால் ராசியின் பெயரை எடுத்துக்கொண்ட கேங்கேல், ராசியின் கணக்கை எடுத்துக்கொள்ளவில்லை என்பது என் குறை. தமிழ் மாதங்கள் சூரியன் ஒரு ராசியைக் கடக்கும் காலத்தைப் பொறுத்தவை. ஆகவேதான் ஆனி 32 நாள் வரை நீளுகிறது. மார்கழி 29 நாளிலும் முடிகிறது. செவ்வாயின் பாதை நம்முடையதைவிட நீள்வட்டமானது. பன்னிரண்டு மாதம் வைத்து நம் முறையில் கணக்கிட்டால், ஒரு மாதம் 46 நாளிலும் இன்னொன்று ஏறத்தாழ 67 நாளிலும் முடியும். அலுவலகத்தில் சம்பளம் போடுகிறவருக்குத் தலைவலிதான். ஆனால் பருவத்தைப் பார்த்து விதைக்கிறவனுக்கு அதுவே பயன்படும் என்பது என் எண்ணம்.

அம்மாச்சி அமாவாசையைக் கேட்டதற்குக் காரணம் உண்டு. என் அம்மாவின் அடையாள அட்டையில் பிறந்த தேதி ஜனவரி 1 என்றிருக்கிறது. எங்கள் ஊரில் பாதிப்பேர் ஜனவரி 1 இல் 'பிறந்தவர்கள்'தாம். தேதி கேட்டபோது சொல்லத் தெரியவில்லை. எழுதியவர் ஒன்றைப் போட்டுக்கொண்டார். அம்மாச்சிக்கோ வேறு கணக்கு. "சூரிய கிரகணத்தன்னிக்கு நெறமாசமா இருக்கேன்னு என்னய வெளியவே விடல. மாசி அமாவாசை. மறுநா விடியக்காலம் ஒங்கம்மா பொறந்தா" என்பார்.

இவ்வளவு போதாதா? சூரிய கிரகணம் அமாவாசையன்றுதான் நிகழும். 1980 பிப்ரவரி 16, சனிக்கிழமை, கர்நாடக, ஆந்திரப் பகுதிகளில் முழுக் கிரகணம்; நம் பக்கம் பகுதிக் கிரகணம். மாசி மாதம் பிறந்து சில நாட்களே ஆகியிருந்தன. அப்படியானால் அம்மா பிறந்தது 17 ஆம் தேதி, ஞாயிற்றுக்கிழமை.

செவ்வாயில் இப்படிக் கண்டுபிடிக்க வழியில்லை. அங்கே போபோஸ் சூரியனை முழுவதும் மறைப்பதே இல்லை, குறுக்கே ஓடிவிடும். 2022 ஏப்ரல் 2 அன்று பெர்சிவியரன்ஸ் ஊர்தி படம் பிடித்த அத்தகைய காட்சி நாற்பது விநாடி சொச்சத்தில் முடிந்துவிட்டது. அதை வைத்து யார் எந்தப் பிள்ளையின் பிறந்தநாளை நினைவில் வைப்பார்கள்?

கருத்தரங்கில் டேரியன் நாட்காட்டியைப் பற்றி மட்டும் பேசினேன். ஊருக்குத் திரும்பியதும், சுவரில் தொங்கும் மாதக் காலண்டரில் பிப்ரவரி 17 ஐச் சுற்றிச் சிவப்பு மையால் வட்டம் போட்டேன். "அன்னிக்கு என்னப்பா, பரீட்சையா?" என்று கேட்டார் அம்மா.