ஃபைபர்கிளாஸில் துளையிடுவது எப்படி?

கிள்ளான் துறைமுகத்திலிருந்து கெத்தாம் தீவுக்கு ஓடும் விரைவுப் படகுகளுள் பல மரத்தாலானவை அல்ல. கண்ணாடி இழையும் பிசினும் சேர்ந்து இறுகிய ஃபைபர்கிளாஸால் ஆனவை. அதே பொருள் தண்ணீர்த் தொட்டியாகவும் கூரைத் தகடாகவும் தோட்டத்து வீடுகளுக்கும் வந்துள்ளது. தொட்டியில் புதுக்குழாய் பொருத்த முனைவோர், துளையைச் சுற்றிச் சிலந்தி வலைபோல் விரிசல் கண்டு வருந்துவதுண்டு.

மேற்பூச்சு எளிதில் சில்லாகப் பெயரக் கூடியது. மழுங்கிய முனையை அழுத்தினால் அது வெடிக்கும். பால்மரம் வெட்டுவோருக்கு இதனை நாம் விளக்க வேண்டியதில்லை. மழுங்கிய கத்தியும் மிகையான அழுத்தமுமே மரத்தைக் காயப்படுத்துகின்றன அன்றோ?

முதலில் தொட்டி நீரைத் துளையிடும் மட்டத்திற்குக் கீழே வடித்துவிடுக. ஈரத்தில் நின்று மின்கருவியை இயக்குதல் ஆகாது. துளையிடும் இடத்தில் ஒட்டுநாடாவை ஒட்டி, அதன்மேல் குறியிடுக. பின்புறம் மரப்பலகை ஒன்றை இறுக்கி வைத்தால், முனை வெளிப்படும் பக்கம் பிளவுபடாது. அப்பலகையைக் கையால் பிடித்தல் தவறு. கூரிய சிறுமுனையால், மேற்பூச்சைக் கடக்கும் வரை கருவியைத் தலைகீழாகச் சுழலவிட்டு, பின்னர் நேராகச் சுழலவிட்டு, மெல்லத் துளைக்க வேண்டும். வேண்டிய அளவுக்குப் பெரிய முனையை அதன் பின்னரே எடுத்தல் நன்று. கண்ணாடி இழை சாதாரண எஃகு முனையை விரைவில் மழுக்கிவிடும்; கார்பைடு முனை நீடித்து உழைக்கும்.

துளையைவிடத் தூசியே நமக்குக் கவலை தருவது. அது தோலில் அரிப்பையும், கண்ணிலும் தொண்டையிலும் எரிச்சலையும் உண்டாக்கும். வாயில் கட்டும் கைக்குட்டை போதாது. தூசி வடிக்கும் முகமூடியும், பக்கங்களையும் மூடும் பாதுகாப்புக் கண்ணாடியும், நீண்ட கைச்சட்டையும் வேண்டும். தூசியை ஊதித் தள்ளாமல் ஈரத்துணியால் ஒற்றி எடுக்கவும். தோலைத் தேய்க்காமல் குளிர்ந்த நீரால் கழுவவும். வேலை செய்த உடையைப் பிள்ளைகளின் உடைகளோடு சேர்த்துத் துவைத்தல் கூடாது.

பழைய லயங்களின் நெளிகூரையைக் கண்டு ஃபைபர்கிளாஸ் என்று மயங்க வேண்டா. அது கல்நார் கலந்த சிமெண்டுத் தகடாக இருக்கலாம். கல்நார்த் தூசி பல ஆண்டுகளுக்குப் பின்னரும் நுரையீரலில் புற்றுநோயை விளைவிக்க வல்லது. ஐயம் இருப்பின், துளையிடாமல் நிர்வாகத்திடம் தெரிவிக்கவும்.

நிர்வாகமே இவ்வேலையைச் செய்யப் பணித்தால், 1994-ஆம் ஆண்டின் தொழிலிடப் பாதுகாப்பு, சுகாதாரச் சட்டம் தொழிலாளருக்குத் துணை நிற்கிறது. அச்சட்டப்படி தர வேண்டிய பாதுகாப்புப் பொருள்களுக்காகத் தொழிலாளரிடம் பணம் வாங்குவதை அது தடைசெய்கிறது.

துளையின் ஓரத்தில் இழைகள் வெளிப்பட்டிருந்தால் நீர் அவற்றுள் ஊறும். ஆகவே, குடிநீருக்கு ஏற்ற அடைபசையைப் பூசி, இருபுறமும் ரப்பர் வளையம் வைத்துக் குழாயை முடுக்குக. பசை உலர்ந்தபின் தொட்டியை நன்கு அலசி, முதல் நீரைக் கீழே விட்டுவிடவும்.