கனவு நாட்டிற்கு ஒரு நாட்காட்டி



நான்காம் ஆண்டு வகுப்பில் ஒரு நாள் கணக்குப் பாடம் நடந்துகொண்டிருந்தது. "நேற்று என்ன கிழமை? நாளை என்ன தேதி?" என்று நாம் கேட்டுக்கொண்டே வந்தோம். கடைசி வரிசையில் இருந்த சிறுமி ஒருத்தி எழுந்து, "ஐயா, கனவில் என்ன கிழமை?" என்று வினவினாள். வகுப்பே சிரித்தது, நாமும் சிரித்தோம். ஆயினும், பள்ளி விட்ட பின்னரும் அவ்வினா நம்மை விடவில்லை. கனவையே ஒரு நாடாகக் கொண்டால், அந்நாட்டிற்கு நாட்காட்டி வகுப்பது எவ்வாறு? அதனையே இக்கட்டுரையில் விளக்க முற்படுகிறோம்.

இல்லாத நாட்டிற்கு நாட்காட்டி எதற்கு என்று சிலர் கேட்கலாம். இங்கிலாந்தில் ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழகப் பேராசிரியராக இருந்த டோல்கீன் என்பார் அவ்வாறு கேட்கவில்லை. அவர் எழுதிய 'த லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' என்னும் கற்பனைக் கதையில் 'ஹாபிட்' எனப்படும் குள்ள மனிதர் வருகின்றனர். 1955ஆம் ஆண்டில் வெளிவந்த அதன் மூன்றாம் பாகத்தின் பின்னிணைப்பில் அவர்களுக்கென ஒரு நாட்காட்டியையே அவர் வகுத்துத் தந்தார். அதில் ஒவ்வொரு மாதத்திற்கும் 30 நாள். பன்னிரண்டு மாதங்களுக்கு 360 நாள். எஞ்சிய 5 நாளும் எம்மாதத்திலும் சேராத விழா நாள்கள்.

அதிலுள்ள நுட்பம் ஒன்றைக் காண்க. நமது ஆண்டின் 365 நாளை ஏழால் வகுத்தால் 52 வாரம் போக ஒரு நாள் மீதி வரும். ஆதலால், இவ்வாண்டு திங்களன்று வரும் பிறந்தநாள் அடுத்த ஆண்டு பெரும்பாலும் செவ்வாயன்று வருகிறது. டோல்கீனோ ஆண்டின் நடுவில் வரும் ஒரு விழா நாளுக்குக் கிழமையே இல்லாமல் செய்துவிட்டார். எஞ்சியவை 364 நாள்; சரியாக 52 வாரம். எனவே, ஹாபிட்டுகளின் தேதிகளுக்குக் கிழமை மாறுவதே இல்லை.

இனி நம் கனவு நாட்டிற்கு வருவோம். திரும்பத் திரும்ப வரும் ஒன்றைக் கொண்டே காலத்தை அளக்க இயலும். நமக்குக் கதிரவனும் நிலவும் உள்ளன. கனவு நாட்டில் அவற்றை நம்ப முடியாது. நள்ளிரவிலும் அங்கே வெயில் அடிக்கும். ஆனால், உறக்கத்திலும் மாறாத ஒரு சுற்று உண்டு. 1953ஆம் ஆண்டில் சிக்காகோ பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த அசரின்ஸ்கி, கிளைட்மன் என்னும் இருவர், உறங்குவோரின் மூடிய இமைக்குள் விழிகள் சில வேளைகளில் விரைந்து அசைவதைக் கண்டு எழுதினர். அவ்வேளையில் எழுப்பினால் பலரும் கனவு கண்டதாகக் கூறினர். இக்கனவு வேளை ஏறக்குறைய 90 நிமிடத்திற்கு ஒரு முறை வருகிறது. முதற்சுற்றில் அது சில நிமிடங்களே நீடிக்கும். விடியலை நெருங்க நெருங்க நீண்டுகொண்டே போகும்.

ஒரு சுற்றைக் கனவு நாட்டின் ஒரு நாளாகக் கொள்வோம். ஏழரை மணி நேரம் உறங்குபவருக்கு ஐந்து சுற்று. மலரின் பருவங்களைக் கொண்டு அவற்றிற்கு அரும்பு, மொட்டு, முகை, மலர், அலர் எனப் பெயரிடுவோம். இவ்வைந்தும் கனவு நாட்டுக் கிழமைகள். ஆக, நமது ஓர் இரவு அவர்களுக்கு ஒரு வாரம். ஆறு இரவு சேர்ந்தால் 30 நாள் கொண்ட ஒரு மாதம். பன்னிரண்டு மாதங்களுக்கு 72 இரவு. அதன்பின் ஓர் இரவு, அதாவது ஐந்து கனவு நாள், விழாவுக்கு உரியது. 73 இரவில் ஒரு கனவு ஆண்டு நிறைவுறும். எம்மாதமாயினும் முதல் தேதி அரும்பிலேயே வரும்.

73ஐ ஐந்தால் பெருக்கிப் பாருங்கள், 365 வருகிறது. நமது ஓர் ஆண்டில் கனவு நாட்டில் ஐந்து ஆண்டுகள் கழிந்துவிடும். இக்கணக்கின்படி பத்து வயதுச் சிறுவனுக்கு அங்கே ஐம்பது வயது! நெட்டாண்டில் எஞ்சும் ஓர் இரவு எம்மாதத்திலும் சேராது. அதற்குப் பெயர் சூட்டும் பொறுப்பை மாணவர்களிடமே விடுகிறோம்.

இது வெறும் விளையாட்டன்று. நாட்காட்டியை வகுப்பவன் மக்கள் ஓய்வையும் வகுக்கிறான். பிரெஞ்சுப் புரட்சியாளர் 1793ஆம் ஆண்டில் புதிய நாட்காட்டி ஒன்றைப் புகுத்தினர். அதிலும் மாதத்திற்கு 30 நாள். கணக்கு அழகாகவே இருந்தது. ஆனால், வாரத்திற்குப் பத்து நாள் என்றாக்கினர். ஏழு நாளைக்கு ஒரு முறை ஓய்ந்த பாட்டாளிக்குப் பத்து நாளைக்கு ஒரு முறையே ஓய்வு கிட்டியது. மக்கள் மனத்தில் இடம்பெறாத அந்நாட்காட்டி 1806ஆம் ஆண்டின் தொடக்கத்தில் கைவிடப்பட்டது.

நம் கனவு நாட்காட்டியும் ஓய்வைப் பற்றியதே. விடியற்காலை நாலரை மணிக்கு எழுந்து பெரட்டுக்குச் செல்ல வேண்டிய தாய் இரவு ஒன்பது மணிக்கே உறங்கினால்தான் ஐந்து நாளும் அவளுக்குக் கிட்டும். துவைத்து, சமைத்து முடித்துப் பதினொரு மணிக்குப் படுத்தால் மூன்று நாளே முழுமையாகக் கிட்டும். நான்காம் நாள் பாதியில் அறுபடும். மிக நீண்ட அலர் வருவதே இல்லை. பிள்ளைகளே, நீங்கள் கழுவி வைக்கும் ஒவ்வொரு தட்டும் உங்கள் அன்னைக்கு அலர் நாளைத் திருப்பித் தர உதவும்.

உங்கள் வயதினர்க்கு ஒன்பது மணி நேரத்திற்குக் குறையாத உறக்கம் வேண்டும். அதில் ஆறாம் சுற்றும் உண்டு. அதனைக் கணக்கில் சேராத பரிசு நாள் எனக் கொள்க. பின்னிரவு வரை தொலைக்காட்சியின் முன் அமர்ந்திருப்பவனுக்கு அப்பரிசு இல்லை. மறுநாள் வகுப்பில் அவன் கண்களே அதைக் காட்டிக்கொடுத்துவிடும்.

கடைசி வரிசைச் சிறுமிக்கு நாம் தரும் விடை இதுதான்: நீ நேரத்தோடு உறங்கினால், விழிக்கும்போது கனவு நாட்டில் அலர்க்கிழமை கடந்திருக்கும். நன்றாக உறங்குக! நன்றாகக் கற்க! வாழ்க, வளர்க!